சரிங்க அக்கா

செப்டம்பர் 3, செவ்வாய்

ஜனவரியில் மையத்தில் கொடுத்த டைரி இது. இத்தனை மாதமும் பால்காரர் வராத நாளைக் குறித்து வைக்கத்தான் பயன்பட்டது. இன்றைக்கு எழுத விஷயம் இருக்கிறது. எங்கள் ‘கைகொடு’ வேலைவழிகாட்டி மையத்தில் இனிமேல் எல்லாமே ஆன்லைனாம். என் மேசைக்கு எதிரில் கிடந்த இரண்டு நாற்காலிகளையும் தூக்கிக்கொண்டு போய் ஸ்டோர் ரூமில் போட்டுவிட்டார்கள். வேலை கிடைக்கவில்லை என்று எங்கள் கோபி ஊரில் பாதிப் பேர் அந்த நாற்காலியில் உட்கார்ந்துதான் என்னிடம் அழுதிருக்கிறார்கள். இனி அவரவர் வீட்டில் அழுதுகொள்ள வேண்டியதுதான்.

சேதியைச் சொன்னது கோகிலவாணி. இப்போது அவள்தான் ஒருங்கிணைப்பாளர். ஒரு காலத்தில் அவளும் அதே நாற்காலியில் வந்து உட்கார்ந்தவள்தான். இந்தப் பெண் கெட்டிக்காரி, வெளியே விடாதீர்கள் என்று நான்தான் இயக்குநரிடம் சண்டை போட்டு இங்கேயே சேர்த்துவிட்டேன்.

“வேலை தேடறவிய வெயில்ல பஸ் ஏறி வரவேண்டியதில்லீங்க்கா. ஒக்காந்த எடத்துல போன்லயே பாத்துக்கலாம். நீங்களும் நிம்மதியா இருக்கலாம்.”

“நான் நிம்மதியா இல்லைன்னு உன்றகிட்ட ஆரு சொன்னா?” என்றேன்.

சிரித்தாள். மதியம் அரிசிம்பருப்பு சாதம் கொண்டுபோயிருந்தேன். வழக்கம்போல டப்பாவில் பாதியை அவள்தான் காலி செய்தாள்.

செப்டம்பர் 5, வியாழன்

நாற்காலி இல்லாத மேசைக்கு முன்னால் பூங்கொடி நின்றுகொண்டே பேசினாள். எனக்குக் கூசியது. என் நாற்காலியை அவளுக்குக் கொடுத்துவிட்டு நான் நின்றேன். அவள் உட்காராததால் இரண்டு பேரும் நின்றோம்.

நூல் மில்லில் ஷிப்ட் வேலை பார்க்கிறாள். கட்டினவன் போய்ச் சேர்ந்த இடம் யாருக்கும் தெரியாது. மகள் யாழினி ஆறாவது படிக்கிறாள். நைட் ஷிப்ட் வந்தால் பிள்ளையைப் பக்கத்து வீட்டில் படுக்க வைத்துவிட்டுப் போகிறாள். நான் விரட்டி விரட்டித்தான் அஞ்சல் வழியில் பி.காம். முடித்தாள். மொடச்சூர் ரோட்டில் எண்ணெய் மில் வைத்திருக்கும் நாச்சிமுத்து அண்ணனிடம் இவளைப் பற்றிச் சொல்லியிருக்கிறேன். அவருடைய கணக்குப்பிள்ளை தீபாவளியோடு நின்றுவிடுகிறார். பகல் வேலை, வீட்டிலிருந்து நடக்கிற தூரம்.

எண்ணெய் மில் பேரை அவளிடம் இன்னும் சொல்லவில்லை. கை கூடாமல் போனால் ஏமாந்துபோவாளே என்றுதான்.

“கொஞ்சம் பொறு பூங்கொடி. ஒரு நல்ல எடம் இருக்குது. நேரம் வாறப்ப நானே சொல்றேன். நான் சொல்ற வரைக்கும் மில்லு வேலைய விட்றாத.”

“நீங்க சொன்னாப் போதுமுங்க்கா. வேற ஆரு சொல்லியும் நான் கேக்க மாட்டனுங்க.”

வாட்ச்மேன் வந்து, நேரில் யாரையும் பார்க்கக் கூடாதாம் என்று என் காதில் சொன்னார். இத்தனை வருஷம் எனக்கு டீ வாங்கிக்கொடுத்த மனுஷன். அவரைச் சொல்லிக் குற்றமில்லை.

செப்டம்பர் 12, வியாழன்

இப்போது என் கைபேசியில் வாட்ஸ்அப் குழுக்கள்தான் குடியிருக்கின்றன. தையல், டிரைவர், ஐ.டி.ஐ., பட்டதாரிகள், பெண்கள், பொது. பொது நிரம்பி வழிந்து பொது இரண்டு. திருப்பூர் பனியன் கம்பெனி விளம்பரம் ஒன்றை நேற்று ஏழு குழுவிலும் பார்த்தேன். நடுநடுவே காலை வணக்கப் படங்கள், யாரோ தொலைத்த ஆடு, போன வருஷமே ஆள் எடுத்து முடித்த கம்பெனிகள். எது பொய் எது மெய் என்று பார்த்துச் சொல்வதற்குத்தான் எனக்குச் சம்பளம். ஒன்றைப் பார்த்து முடிப்பதற்குள் மேலே நூறு வந்து விழுகிறது. முன்பெல்லாம் ஒரு ஆளுக்கு ஒரு வேலை சொல்லுவேன். இப்போது எல்லாருக்கும் எல்லா வேலையையும் சொல்கிறோம். அதற்குப் பேர் சேவையாம்.

நான் எதைப் போட்டாலும் கீழே வரிசையாகச் “சரிங்க”, “சரிங்க அக்கா”, “சரிங்க மேடம்”. பெங்களூரிலிருந்து ஆப் செய்துகொடுக்க வந்திருக்கும் பையன் அதைப் பார்த்து அசந்துபோனான். “மேடம், உங்களுக்கு எவ்வளவு பாசிட்டிவ் ரெஸ்பான்ஸ்!” என்றான். எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. எங்கள் ஊர்ச் “சரிங்க”வுக்கு “நீங்கள் சொன்னது காதில் விழுந்தது” என்று அர்த்தம், அவ்வளவுதான். என்னைப் பெண் கேட்டு முதலில் வந்தவர்கள் சொன்னதற்கெல்லாம் என் அப்பா “சரிங்க, சரிங்க” என்று தலையாட்டி, காபி கொடுத்து, வாசல் வரை போய் வழியனுப்பிவிட்டு, மறுநாளே வேறு இடம் பார்க்கக் கிளம்பினார். வந்தவர்களும் அதைத் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை.

இதைச் சொன்னபோது கோகிலாவும் விழுந்து விழுந்து சிரித்தாள். பையனுக்கு ஒன்றும் புரியவில்லை.

செப்டம்பர் 16, திங்கள்

ஆபீஸ் குழுவில் கோகிலா என்னவோ நீளமாகப் போட்டிருந்தாள். தேங்காய் துருவிக்கொண்டிருந்தேன். வீட்டுக்காரருக்கு வேறு முழங்கால் வலி, தைலம் எங்கே என்று கத்திக்கொண்டிருந்தார். “சரிங்க கோகிலா” என்று போட்டு ஒரு ரோஜாப்பூவும் வைத்தேன். குக்கர் விசில் எத்தனை வந்தது என்று எண்ண விட்டுப்போய், சாதம் குழைந்துவிட்டது.

செப்டம்பர் 18, புதன்

இன்றைக்கு எனக்குச் சினிமாக்காரி மாதிரி மரியாதை. ஜன்னலெல்லாம் சாத்தி, மின்விசிறியை நிறுத்தி, முன்னால் மைக் வைத்து, கோகிலா என்னைப் படிக்கச் சொன்னாள். “வணக்கம், நான் வசந்தாமணி பேசறேன்.” இதை மட்டும் எத்தனை விதமாகச் சொல்ல வைத்தாள்! சந்தோஷமாக ஒரு தடவை, அக்கறையாக ஒரு தடவை. அப்புறம் ஊர்ப் பெயர்கள், ஆள் பெயர்கள், மாதங்கள், எண்கள். “உங்களுக்குப் பொருத்தமான வேலை வந்திருக்கு.” “தயங்காமப் போங்க.”

“இதெல்லாம் எதுக்குக் கண்ணு?”

“படிக்கத் தெரியாதவியளுக்கு வீடியோ போடத்தானுங்க்கா. உங்க கொரலக் கேட்டாத்தான் சனங்களுக்கு ஒரு நம்பிக்கை.”

வெளியே வரும்போது ரவிக்கையெல்லாம் வேர்வை. ஆனாலும் மனசுக்கு நன்றாக இருந்தது. என் குரலை நன்றாயிருக்கிறது என்று வீட்டில் யாரும் சொன்னதில்லை.

செப்டம்பர் 20, வெள்ளி

கேஸ் தீர்ந்துவிட்டது. புக் பண்ணினால், அதற்கும் ஒரு ஆப் போடச் சொல்கிறது.

செப்டம்பர் 27, வெள்ளி

ஆப் வந்துவிட்டது. திறந்தால் முதலில் என் படம்தான். கோகிலா மல்லிகைப்பூ வாங்கிவந்து அவள் கையாலேயே வைத்துவிட்டு எடுத்த படம். சந்தையில் கீரைக்காரம்மா, “உங்களையத்தான் போன்ல பாத்தேன் சாமி” என்று ஒரு கட்டுக் கொத்தமல்லியைச் சும்மா போட்டாள். வீட்டுக்காரரிடம் சொன்னால், “உன்ற மூஞ்சியப் பாத்தா வேலை கெடச்சிருமாக்கும்” என்கிறார். முழங்காலுக்குத் தைலம் அவரே தேய்த்துக்கொள்ளட்டும்.

அக்டோபர் 4, வெள்ளி

பல் விளக்கும்போதும் அதே, சாப்பிடும்போதும் அதே. படிக்காத செய்திகளைக் காட்டும் பச்சை வட்டம் குறைவதே இல்லை. கண்ணை மூடினாலும் விளம்பரங்கள் மேலே மேலே ஏறிப் போகின்றன. தங்குமிடம் இலவசம், அனுபவம் தேவையில்லை, உடனே அழைக்கவும்.

பூங்கொடி இரண்டு தடவை கூப்பிட்டிருக்கிறாள். குழுக்களை முடித்துவிட்டுப் பேச வேண்டும்.

அக்டோபர் 11, வெள்ளி

ஆயுத பூஜை. மையத்தில் கம்ப்யூட்டருக்கெல்லாம் சந்தனம், குங்குமம். புதிதாக வந்திருக்கும் சர்வர் பெட்டிக்குத் தனியாக ஒரு மாலை. என் மேசைக்கு யாரும் பொட்டு வைக்கவில்லை, நானே வைத்துக்கொண்டேன்.

கோகிலா மதியம் என்னோடு சாப்பிட வரவில்லை. இயக்குநரோடு மீட்டிங்காம். இந்த வாரம் முழுக்கவே அப்படித்தான். பாவம், அவளுக்கும் எத்தனை வேலை. கொள்ளு ரசத்தை வீணாக்க மனமில்லாமல் வாட்ச்மேனுக்குக் கொடுத்தேன்.

பூங்கொடியைக் கூப்பிட மறந்தே போனேன். இப்போது கூப்பிட்டால் தொடர்பு எல்லைக்கு வெளியே என்கிறது. ஷிப்டில் இருப்பாள்.

அக்டோபர் 22, செவ்வாய்

எழுத மனமில்லை. ஆனாலும் எழுதத்தான் வேண்டும்.

டீ குடிக்க வெளியே போனேன். எதிர்ப்புறம் பஸ் ஸ்டாப்பில் ஒரு பையை மடியில் வைத்துக்கொண்டு பூங்கொடி உட்கார்ந்திருந்தாள். மெலிந்துபோயிருந்தாள். வாட்ச்மேன் உள்ளே விட மாட்டேன் என்றதும், நான் வெளியே வரும் வரை அங்கேயே காத்திருந்திருக்கிறாள்.

“என்ன பூங்கொடி, மில்லுக்குப் போகலியா?”

என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள்.

“அதுதான் உட்டுட்டனுங்களே. நீங்கதானுங்க்கா ஓசூருக்குப் போகச் சொன்னீங்க.”

“நானா?”

“நான் சொல்றேன், அதுவரைக்கும் பொறுன்னீங்க. பொறுத்தனுங்க. அப்பறம் நீங்களே கூப்ட்டுச் சொன்னீங்க. சந்தேகமாத்தான் இருந்துச்சுங்க. மறுக்கா ஒருவாட்டி கேட்டுக்கலாம்னு ரெண்டு தடவை கூப்ட்டனுங்க. நீங்க எடுக்கலீங்க. சரி, சொன்னது அக்காதானேன்னு கெளம்பிட்டனுங்க.”

அவள் கைபேசியில் வருகிற பேச்செல்லாம் தானாகப் பதிவாகிவிடும். போட்டுக் காட்டினாள். பஸ் இரைச்சலுக்கு நடுவில் காதோடு வைத்துக் கேட்டேன்.

“வணக்கம், நான் வசந்தாமணி பேசறேன். பூங்கொடி, உங்களுக்குப் பொருத்தமான வேலை வந்திருக்கு. ஊர், ஓசூர். வேலை, கணக்கு உதவியாளர். தயங்காமப் போங்க. உங்க விவரங்களைக் கம்பெனிக்கு அனுப்பட்டுமா?”

என் குரல்தான். மைக் முன்னால் உட்கார்ந்து அக்கறையாகச் சொன்ன அதே குரல். அதற்குப் பதிலாகப் பூங்கொடியின் குரல், “சரிங்க அக்கா.”

நான் அவளை ஒரு நாளும் “உங்களுக்கு” என்று கூப்பிட்டதில்லை. அதைக்கூட அவள் யோசிக்கவில்லை. ஆபீஸ் போன் என்பதால் அக்கா மரியாதையாகப் பேசுகிறது என்று நினைத்துக்கொண்டாளாம்.

பிள்ளையைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு ஓசூர் போனால், அங்கே கணக்கு வேலை எதுவும் இல்லை. கடன் வாங்கிக் கட்ட முடியாதவர்களைப் போனில் கூப்பிட்டு, காது கூசுகிற மாதிரித் திட்ட வேண்டும். முதல் வாரம் எழுதிக்கொடுத்ததைப் படித்திருக்கிறாள். அப்புறம் ஒரு நாள் இவள் திட்டத் திட்ட, எதிர்ப்பக்கம் ஒரு பொம்பளை அழுதுகொண்டே இருந்திருக்கிறாள். இவளும் போனை வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டாள். சேரும்போது வாங்கி வைத்துக்கொண்ட ஒரிஜினல் சர்டிபிகேட்டுகளை அவர்கள் திருப்பித் தரவில்லை. நூல் மில்லில் இவள் இடத்துக்கு வேறு ஆள் வந்தாயிற்று.

“அது நான் பேசினதில்ல பூங்கொடி. மிசினு. என்ற கொரல எடுத்து மிசினுல போட்டிருக்கறாங்க.”

“சரிங்க அக்கா,” என்றாள்.

அக்டோபர் 24, வியாழன்

கோகிலாவின் அறைக் கதவைத் தட்டாமல் உள்ளே போனேன். அவளுக்கு முன்னால் இரண்டு நாற்காலிகள் கிடந்தன. நான் உட்காரவில்லை.

“என்ற கொரல வெச்சு ஊரையெல்லாம் கூப்புடறயா நீ?”

அவள் பதறவில்லை. கைபேசியை எடுத்துத் தள்ளித் தள்ளி ஒரு இடத்தில் நிறுத்திக் காட்டினாள். செப்டம்பர் மாதத்துச் செய்தி. நீளமாக இருந்தது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இன்றைக்குத்தான் படித்தேன். என் குரலையும் படத்தையும் ஆப்பில் எந்த வகையிலும் பயன்படுத்திக்கொள்ளச் சம்மதமா என்று கேட்டிருந்தாள். அதற்குக் கீழே என் “சரிங்க கோகிலா”. ரோஜாப்பூ.

“உங்களயக் கேக்காம நான் பண்ணலீங்க்கா.”

“பூங்கொடிய?”

“அவியளும் சரின்னு சொன்னதாலதானுங்க விவரம் போச்சு. ஆளுங்களக் கம்பெனிக்குக் காட்டுனாத்தான் மையம் நடக்குமுங்க. நேர்ல வந்து ஒக்காந்து பேசறதுக்கெல்லாம் இனி ஆரும் பணம் தரமாட்டீங்கறாங்க.”

பெங்களூர்ப் பையன் செய்திருந்தால் விட்டிருப்பேன். அவனுக்கு நம் பேச்சு தெரியாது. இவள் கோபியில் பிறந்து கோபியில் வளர்ந்தவள். என் அப்பா கதையைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தவள்.

“கோகிலா, நம்மூர்ல சரிங்கன்னா என்னன்னு உனக்குத் தெரியாது?”

அவள் ஜன்னலைப் பார்த்தாள். “தெரியுமுங்க்கா,” என்றாள். குரல் இறங்கிப்போயிருந்தது.

தெரியாது என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். அதைப் பிடித்துக்கொண்டு நான் சமாதானமாகியிருப்பேன். தெரிந்தே செய்திருக்கிறாள். என் சோற்றைத் தின்றுகொண்டே செய்திருக்கிறாள்.

என் குரலை உடனே எடுத்துவிடு என்றேன். கேட்டுச் சொல்கிறேன் என்றாள். அதோடு இன்னொன்றும் சொன்னாள். டிசம்பரோடு எனக்கு வேலை இல்லையாம். ஆகஸ்டிலேயே முடிவாகிவிட்டதாம். நாற்காலிகளைத் தூக்குவதற்கு முன்பே.

“உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியலீங்க்கா.”

“அதையும் மிசினையே உட்டுச் சொல்லச் சொல்லியிருக்கலாமே,” என்று சொல்லிவிட்டு வந்தேன்.

அக்டோபர் 28, திங்கள்

லீவு போட்டு ஓசூர் போய்வந்தேன். வீட்டுக்காரர் முழங்காலோடு கூடவே வந்தார். வேண்டாம் என்றதற்கு, “நீ அங்க போய்ச் சண்டை போடுவ, பையைப் பாத்துக்க ஒரு ஆள் வேண்டாமா?” என்றார்.

கண்ணாடி போட்ட பெரிய கட்டடம். வரவேற்பில் இருந்த பெண்ணிடம், “என்ற பேரு வசந்தாமணி, கோபியில இருந்து வாறேன்,” என்றேன். அவள் முகம் மலர்ந்துவிட்டது. “ஆப்ல பேசறது நீங்கதானா மேடம்? உங்க வாய்ஸ் அவ்வளவு நல்லாருக்கு! நானே அதைக் கேட்டுத்தான் இங்க சேர்ந்தேன்.” திருவண்ணாமலைப் பக்கம் ஏதோ கிராமமாம் அவளுக்கு. என்னால் அவளை ஏறிட்டுப் பார்க்க முடியவில்லை.

மேனேஜர் முதலில் பூங்கொடியின் சர்டிபிகேட்டுகளை மூன்று மாதம் கழித்துத்தான் தருவோம் என்றார். நான் வேலை தேடி வந்து உட்கார்ந்திருந்த பிள்ளைகளுக்கு முன்னால் போய் நின்று, என் நிஜக் குரலில் சத்தம் போட்டு நடந்ததையெல்லாம் சொல்ல ஆரம்பித்தேன். ஆளுக்கு ஒரு போன் எடுத்துப் படம் பிடித்தார்கள். காபி குடிக்கிற நேரத்துக்குள் சர்டிபிகேட்டுகள் வந்துவிட்டன. வரும் வழியெல்லாம் அவற்றை மடியிலேயே வைத்திருந்தேன்.

அக்டோபர் 31, வியாழன்

தீபாவளி. கோகிலா வாட்ஸ்அப்பில் ஒரு விளக்குப் படம் அனுப்பியிருந்தாள். எந்த வருஷமும் முறுக்குத் தூக்கோடு நேரில் வருவாள்.

நவம்பர் 4, திங்கள்

நாச்சிமுத்து அண்ணன் இன்னும் ஆள் எடுக்கவில்லை. “நீ சொன்ன புள்ளைக்குத்தாம்மா வெச்சிருக்கறேன். புதங்கெழமை பத்து மணிக்குக் கூட்டியா,” என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது.

நேராகப் பூங்கொடி வீட்டுக்குப் போனேன். சர்டிபிகேட்டுகளைக் கையில் கொடுத்தேன். ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துவிட்டு, பீரோவில் துணிக்கு அடியில் வைத்துப் பூட்டினாள். எண்ணெய் மில்லைப் பற்றி எல்லாம் சொன்னேன். யார், எங்கே, என்ன சம்பளம், எத்தனை மணிக்கு வீடு திரும்பலாம். அன்றைக்கே பேரைச் சொல்லாமல் விட்டது என் தப்பு என்றும் சொன்னேன். யாழினி பாடப்புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நான் அங்கியே கேட்டுல நிக்கறேன். நீ வந்தாப் போதும். வந்துருவயில்ல?”

பூங்கொடி எனக்குக் காபி கொடுத்தாள். வாசல் வரைக்கும் வந்தாள்.

“சரிங்க அக்கா,” என்றாள்.

நவம்பர் 6, புதன்

மழை தூறிக்கொண்டிருந்தது. ஒன்பதரைக்கே போய் எண்ணெய் மில் கேட்டில் நின்றேன். புண்ணாக்கு வாசனையில் தலை சுற்றியது. பத்து ஆயிற்று. பதினொன்றும் ஆயிற்று. நாச்சிமுத்து அண்ணன் இரண்டு தடவை வெளியே வந்து ரோட்டைப் பார்த்துவிட்டு உள்ளே போனார்.

அவள் வர மாட்டாள் என்று அந்தக் காபியை வாங்கும்போதே எனக்குத் தெரியும். தெரிந்தும் போய் நின்றேன்.

கடைசியில் அவள் எண்ணுக்குக் கூப்பிட்டேன். புது சிம் வாங்கியிருக்கிறேன், குழுக்களிலிருந்து தப்பிக்க. மணி அடித்துக்கொண்டே இருந்தது. அப்புறம் எடுத்தது யாழினி. மழைக்கு இன்றைக்குப் பள்ளிக்கூடம் லீவு.

“கண்ணு, நான் வசந்தாமணி பேசறேன்,” என்றேன்.

பிள்ளை போனைக் காதிலிருந்து எடுத்துவிட்டு உள்ளே பார்த்துக் கத்தினாள்.

“அம்மா! மறுக்கா அந்த மிசினு அக்கா!”

உள்ளே பாத்திரம் கழுவும் சத்தம் நின்றது.

“பேசாம வெச்சுரு சாமி.”

வைத்துவிட்டாள்.